'மேட் மென்' பெட்டிக்கு என்னதான் குறை?

கேள்வி: "'மேட் மென்' தொடரில் மூன்று சீசன் பார்த்து முடித்தேன். ஏமாற்றுகிறவன் டான். ஆனால் எரிச்சல் வருவது பெட்டி மேல்தான். அழகு, படிப்பு, பெரிய வீடு, வீட்டு வேலைக்கு ஆள், மூன்று பிள்ளைகள், எல்லாம் இருக்கிறது. பிறகு ஏன் எந்நேரமும் முகத்தைத் தூக்கி வைத்துக்கொண்டே இருக்கிறாள்? அந்தப் பாத்திரத்தைச் சரியாக எழுதவில்லையா?"

சரியாகத்தான் எழுதியிருக்கிறார்கள். விளம்பர நிறுவனத்தில் வேலை பார்க்கிற டான் டிரேப்பரின் மனைவிதான் பெட்டி. அந்தத் தொடரிலேயே மிகவும் யோசித்து எழுதப்பட்ட பாத்திரம் பெட்டிதான் என்பது என் கருத்து. பொதுவாகக் கதைகளில் கணவனால் துன்பப்படுகிற மனைவி பொறுமையும் கண்ணீருமாக வருவாள். பார்க்கிற நமக்கும் சிரமமில்லாமல் இரக்கம் வந்துவிடும். பெட்டியிடம் அது நடப்பதில்லை. பிள்ளைகளிடம் கடுகடுக்கிறாள். பக்கத்து வீட்டுக்காரியின் கன்னத்தில் கடை நடுவே அறைகிறாள். தனக்குக் கீழே இருப்பவர்களிடம் ஈவிரக்கம் இல்லாமல் நடந்துகொள்கிறாள். அவள்மேல் சுலபமாக இரக்கம் வந்துவிடாதபடி எழுத்தாளர்கள் தெரிந்தேதான் பார்த்துக்கொண்டிருக்கிறார்கள். ஒரு ஆளை வருடக்கணக்கில் ஒரே இடத்தில் அடைத்து வைத்தால், அந்த ஆளின் குணம் என்ன ஆகும் என்பதை அவர்கள் பூசி மெழுகவில்லை. உங்கள் எரிச்சல் அங்கிருந்துதான் வருகிறது.

நீங்கள் மூன்றாவது சீசன் வரை பார்த்திருப்பதால் அதுவரை உள்ள கதையைத் தாராளமாகப் பேசுகிறேன். பிறகு வருவதைக் கடைசியில், முன்கூட்டியே சொல்லிவிட்டுத் தொடுகிறேன்.

முதல் எபிசோடை நினைத்துப் பாருங்கள். 1960 மார்ச். விளம்பர நிறுவனம், சிகரெட் புகை, பட்டப்பகலில் விஸ்கி, கிரீனிச் வில்லேஜில் மிட்ஜ் என்கிற ஓவியத் தோழியின் அறை. ஏறக்குறைய முழு எபிசோடும் ஓடி முடிந்த பிறகு, கடைசியில் டான் ரயிலேறி ஊர் திரும்புகிறான். மாடியில் ஒரு பெண் படுத்திருக்கிறாள். அடுத்த அறையில் இரண்டு குழந்தைகள். அவனுக்குக் குடும்பம் இருக்கிறது என்பதே நமக்கு அப்போதுதான் தெரிகிறது. நாம் சுவாரஸ்யமாகப் பார்த்துக்கொண்டிருந்த கதை முழுவதும் அவள் இல்லாமலேயே நடந்து முடிந்துவிட்டது. டானின் வாழ்க்கை நடப்பது ஓரிடம். பெட்டியை வைத்திருப்பது வேறிடம். தொடரை உருவாக்கிய மேத்யூ வீனர் இந்த ஒரே உத்தியில், கேள்வியை எழுப்பாமலே பாதி விடையைச் சொல்லிவிடுகிறார். 2007 ஜூலை முதல் 2015 மே வரை ஏஎம்சி சேனலில் ஏழு சீசன், 92 எபிசோடுகள் ஓடிய தொடர் இது. 2008 முதல் 2011 வரை தொடர்ந்து நான்கு முறை சிறந்த நாடகத் தொடருக்கான எம்மி விருதை வாங்கியது. விளம்பர உலகைப் பற்றிய தொடர் என்றுதான் எல்லோரும் சொல்வார்கள். எனக்கென்னவோ முதல் மூன்று சீசன்களின் கனம் முழுவதும் டிரேப்பர் குடும்பம் வாழும் ஆசினிங் வீட்டில்தான் இருக்கிறது என்று படுகிறது.

ஆசினிங் கற்பனை ஊரில்லை. நியூயார்க் நகரத்துக்கு வடக்கே சுமார் 50 கிலோமீட்டரில், ஹட்சன் ஆற்றங்கரையில் இருக்கிற பழைய ஊர். சிங் சிங் சிறைச்சாலை அங்கேதான் இருக்கிறது. கிராண்ட் சென்ட்ரல் நிலையத்திலிருந்து ரயில் பிடித்தால் ஆற்றை ஒட்டியே போய்ச் சேரலாம். அமெரிக்கப் புறநகர் வாழ்க்கையின் மனப்புழுக்கத்தை எழுதிய ஜான் சீவர் 1961 முதல் 1982-இல் இறக்கும்வரை அந்த ஊரில்தான் வாழ்ந்தார். டிரேப்பர் குடும்பத்தின் வீடு இருக்கும் புல்லட் பார்க் சாலை என்பதுகூட அவருடைய நாவலின் பெயரிலிருந்து வந்ததுதான்.

அந்த இடத்தின் அமைப்பைப் புரிந்துகொள்ளாமல் பெட்டியைப் புரிந்துகொள்ள முடியாது. இரண்டாம் உலகப்போர் முடிந்ததும் அமெரிக்க அரசு, போரிலிருந்து திரும்பியவர்களுக்கு வீட்டுக்கடனை எளிதாக்கியது. 1944-இல் வந்த படைவீரர் சட்டமும், அதற்கும் முன்பே இருந்த கூட்டாட்சி வீட்டுக்கடன் உத்தரவாதமும் சேர்ந்து நகரத்து நடுத்தர வர்க்கத்தை வெளியே இழுத்தன. லாங் ஐலண்டில் 1947-இல் தொடங்கிய லெவிட்டவுனில் மட்டும் சில ஆண்டுகளில் 17,000-க்கும் மேற்பட்ட வீடுகள் எழுந்தன. அங்கே வீடு எடுப்பதற்கான ஒப்பந்தத்தில் வெள்ளையரல்லாதவர்கள் குடியிருக்கக் கூடாது என்று எழுதியே வைத்திருந்தார்கள். ஆசினிங் அப்படி ஒரே நாளில் அச்சடித்த ஊரில்லை, பழைய ஊர். ஆனால் டிரேப்பர்கள் குடியிருக்கும் தெருவின் வாழ்க்கை அதே வார்ப்புதான். காலையில் ஆண்கள் எல்லோரும் ரயிலேறிப் போய்விடுவார்கள். மாலைவரை அந்தத் தெருவில் இருப்பது பெண்களும் குழந்தைகளும் வீட்டு வேலைக்கு வருகிற கறுப்பினப் பெண்களும்தான். காரில்லாமல் எங்கும் போக முடியாது. காரில் போனாலும் போவதற்கு இருப்பது பள்ளிக்கூடம், கடை, இன்னொரு வீட்டின் சமையலறை. அந்தச் சமையலறையில் பேச்சு எதைப் பற்றி? யார் வீட்டில் என்ன நடக்கிறது என்பது பற்றி.

அதனால்தான் விவாகரத்தான ஹெலன் பிஷப் அந்தத் தெருவுக்குக் குடிவந்ததும் எல்லோரும் அப்படித் திடுக்கிடுகிறார்கள். அவள் எந்தத் தப்பும் செய்யவில்லை. வேலைக்குப் போகிறாள், மாலையில் நடக்கப் போகிறாள், அரசியல் பிரச்சாரத்தில் உதவுகிறாள். போகிற இடமே இல்லாமல் ஒரு பெண் வெறுமனே நடப்பது அந்தத் தெருவுக்குப் புரியாத சங்கதி. பெட்டியின் கைகள் மரத்துப்போய் கார் தறிகெட்டு ஒரு புல்வெளியில் ஏறுவது எப்போது என்று கவனித்தீர்களா? ஹெலன் சாமான்களை இறக்கிக்கொண்டிருப்பதைப் பார்க்கிற அந்த நொடியில். கணவன் இல்லாமல், தானே சாமான் தூக்கி, தானே வீட்டைத் திறக்கிற ஒரு பெண். பெட்டி பயப்படுகிறாளா பொறாமைப்படுகிறாளா என்று அவளுக்கே தெரியாது. அவள் வாய்க்கு வராதது கைக்கு வந்துவிடுகிறது.

இந்தக் கை மரத்துப்போகும் விஷயத்தில் இன்னும் கொஞ்சம் நின்று பேச வேண்டும். டாக்டர்கள் உடம்பில் ஒன்றுமில்லை என்று சொல்லி மனநல மருத்துவரிடம் அனுப்புகிறார்கள். டானுக்கு அதில் விருப்பமில்லை. அவளிடம் எல்லாம் இருக்கிறதே என்பதுதான் அவனுக்கும் புரியாத புதிர். நீங்கள் கேட்ட கேள்வியை, ஏறக்குறைய அதே சொற்களில் அவனும் கேட்டவன்தான். கடைசியில் ஒத்துக்கொள்கிறான். டாக்டர் வேய்ன் என்கிறவர், அவள் படுத்துக்கொண்டு பேசப் பேச, குறிப்பெடுத்தபடி வாயே திறக்காமல் உட்கார்ந்திருக்கிறார். இரவானதும் டான் அவருக்குப் போன் செய்கிறான். அவள் என்ன பேசினாள் என்று அவர் கணவனிடம் சொல்கிறார். பிறிதொரு நாள், உங்கள் மனைவிக்கு இருப்பது ஒரு குழந்தையின் உணர்ச்சிகள்தான் என்கிறார்.

அந்தக் காலத்தில் இதை யாரும் பெரிய துரோகமாக நினைத்திருக்கமாட்டார்கள். பணம் கட்டுகிறவர் கணவர், நோயாளி மனைவி, பிறகு அறிக்கை யாருக்குப் போகும்? குழந்தையைப் பள்ளியில் சேர்த்தால் தகப்பனுக்கு மதிப்பெண் அட்டை வருகிற மாதிரி. அவளைக் குழந்தை என்று சொல்கிற அந்த மருத்துவர்தான் அவளைக் குழந்தையாகவே வைத்திருக்கிற ஏற்பாட்டின் ஒரு பகுதி. நான் முதல்முறை பார்த்தபோது டானின் கள்ள உறவுகளைவிட இந்தத் தொலைபேசி அழைப்புதான் என்னை அதிகம் கோபப்படுத்தியது. இப்போதும் அப்படித்தான். உறவில் ஏமாற்றுகிறவனைக் கண்டுபிடிக்கலாம், சண்டை போடலாம். தன் மனத்துக்குள் இருப்பதைச் சொல்லக் கிடைத்த ஒரே அறையிலும் கணவனுக்கு ஒரு காது இருக்கிறது என்றால் அவள் எங்கே போய்ப் பேசுவாள்?

பெட்டி முட்டாள் என்று நினைக்கிறவர்கள் முதல் சீசனின் கடைசி எபிசோடை மறந்துவிடுகிறார்கள். தோழி ஃபிரான்சைன், தன் கணவனின் உறவைத் தொலைபேசி ரசீதிலிருந்து கண்டுபிடித்ததாகச் சொல்லி அழுகிறாள். பெட்டியும் தன் வீட்டு ரசீதைப் பிரித்துப் பார்க்கிறாள். கிடைப்பது காதலியின் எண்ணல்ல, டாக்டரின் எண். அவள் கத்தவில்லை, ரசீதை டான் முகத்தில் எறியவில்லை. அடுத்த முறை சாய்வு நாற்காலியில் படுத்துக்கொண்டு, கணவனுக்கு வேறு பெண்கள் இருக்கிறார்கள் என்று தனக்குத் தெரியும் என்பதை நிதானமாகச் சொல்கிறாள். சொல்வது டாக்டரிடம், போய்ச் சேரவேண்டியது டானிடம். தன்னை உளவு பார்ப்பதற்காக வைத்திருந்த குழாய் வழியாகவே தன் செய்தியை அனுப்புகிறாள். இத்தனை புத்தி உள்ள பெண்ணுக்கு அந்தப் புத்தியைச் செலவழிக்க வேறு இடமே இல்லை என்பதுதான் அவளுக்குக் குறை. அதே எபிசோடில் அவள் மனம்விட்டு அழுவது யாரிடம்? வங்கிக்கு வெளியே காரில் தனியாக உட்கார்ந்திருக்கும் ஹெலனின் மகன் கிளென்னிடம். ஒரு சிறுவனிடம். அந்தக் காட்சி பார்ப்பவரை நெளிய வைக்கிறது, நெளியத்தான் வேண்டும். வளர்ந்தவர்களில் அவள் பேச்சைக் கேட்க ஒருவர்கூட இல்லை.

புறாக்களைச் சுடும் காட்சிக்கு வருகிறேன், ஏனென்றால் பெட்டி கிறுக்கி என்று சொல்கிறவர்கள் எடுத்துக்காட்டுவது அதைத்தான். அதற்கு முன்னால் நடந்ததைச் சேர்த்துப் பாருங்கள். மெக்கேன் எரிக்சன் என்கிற போட்டி விளம்பர நிறுவனத்தின் ஜிம் ஹோபர்ட், பெட்டியைக் கோகோ கோலா விளம்பரத்துக்கு மாடலாக அழைக்கிறான். பிரின் மார் கல்லூரியில் மானுடவியல் படித்தவள், கல்யாணத்துக்கு முன் இத்தாலியில் மாடலாக இருந்தவள். பழைய உடைகளை எடுத்துப் பார்க்கிறாள், முகம் மலர்கிறது. தொடரில் அவள் உண்மையாகவே சந்தோஷமாக இருக்கிற சில நாட்களில் இவையும் அடக்கம். உண்மை என்னவென்றால், ஹோபர்ட்டுக்கு வேண்டியது டான். டான் தன் பழைய நிறுவனத்திலேயே இருந்துவிடுவது என்று முடிவானதும் பெட்டியின் வேலை போய்விடுகிறது. காரணம் வேறேதோ என்று அவளிடம் சொல்கிறார்கள். அவள் வீட்டுக்கு வந்து, தனக்கே வேலை வேண்டாம் என்று தோன்றிவிட்டதாகச் சொல்கிறாள். டான் எல்லாம் தெரிந்தும் தெரியாதவன்போல, நீ நல்ல அம்மா, அதுதான் உன் வேலை என்று தேற்றுகிறான். மறுநாள், குழந்தைகளின் நாயைச் சுட்டுவிடுவேன் என்று மிரட்டிய பக்கத்து வீட்டுக்காரரின் புறாக்களைப் பார்த்து, இரவு உடையோடு, வாயில் சிகரெட்டோடு, துப்பாக்கியை நீட்டுகிறாள். நல்ல அம்மா என்பதுதான் வேலை என்றார்களே, அந்த வேலையைத்தான் செய்கிறாள். அதுவும் முழு மூச்சோடு.

இரண்டாவது சீசனின் ஹெய்னெக்கன் விருந்துதான் என் பார்வையில் தொடரின் ஆகச் சிறந்த குடும்பக் காட்சி. டான் அலுவலகத்தில் ஒரு யோசனை வைத்திருக்கிறான். இந்த டச்சு பீரை ஆண்களிடம் விற்க வேண்டாம், விருந்து வைக்கிற வசதியான இல்லத்தரசிகளிடம் விற்கலாம், கடையில் அழகாக அடுக்கி வைத்தால் அவர்களே வாங்கிப் போவார்கள் என்று. வீட்டிலோ பெட்டி, டானின் அலுவலகத்து ஆட்களுக்கு உலகம் சுற்றும் விருந்து ஒன்றை ஏற்பாடு செய்கிறாள். ஒவ்வொரு பதார்த்தமும் ஒவ்வொரு நாட்டைச் சேர்ந்தது. குடிக்க ஹாலந்து பீர் என்று பெருமையோடு அறிவிக்கிறாள். மேசையில் இருக்கும் ஆண்கள் சிரிக்கிறார்கள். டானின் கணிப்பு பலித்துவிட்டது. பெட்டிக்கு என்ன என்று புரியவில்லை. புரிந்தபோது கூனிக் குறுகிப்போகிறாள்.

நுணுக்கம் என்னவென்றால், டான் அவளைத் திட்டமிட்டு அவமானப்படுத்தவில்லை. அவனுக்கு அது தொழில் வெற்றி. தன் விருப்பம், தன் ரசனை, தன் யோசனை என்று பெட்டி நம்பிய ஒன்று, மன்ஹாட்டனில் ஒரு கூட்டத்தில் முன்கூட்டியே எழுதி வைக்கப்பட்டிருந்தது. அவளுக்குச் சொந்தமாகத் தெரிந்தது இந்த வீட்டு நிர்வாகம் ஒன்றுதான். அதுவும் அவளுடையதில்லை என்று ஆகிவிடுகிறது. அன்று இரவு அவள் அவனைக் கேட்பது பீரைப் பற்றி மட்டுமல்ல. பாபி பாரெட் என்கிற பெண்ணுடன் அவனுக்கு இருந்த உறவை, பாபியின் கணவன் ஜிம்மியே அவளிடம் சொல்லியிருந்தான். டான் மறுக்கிறான். மறுநாள் முழுக்க, கசங்கிப்போன அதே விருந்து உடையில், அவன் சட்டைப்பைகளையும் மேசையறைகளையும் அலசுகிறாள். ஒன்றும் கிடைக்கவில்லை. தனக்கு நிச்சயமாகத் தெரிந்த ஒன்றை நிரூபிக்க முடியாதவள் பைத்தியக்காரியைப்போலத்தான் தெரிவாள். பார்க்கிற நாமும் அவளை அப்படித்தான் பார்க்கிறோம், நமக்கு டானைப் பற்றி எல்லாம் தெரிந்திருந்தும்கூட.

நிரூபிக்க முடியாதது என்று சொன்னேனே, அது வெறும் மனவேதனை இல்லை, சட்டப் பிரச்சினை. பலர் இதைக் கவனிப்பதில்லை. பிடிக்கவில்லை என்றால் விட்டுப் போகவேண்டியதுதானே என்று பெட்டியைப் பற்றிச் சாதாரணமாகக் கேட்பார்கள். நியூயார்க் மாநிலத்தில் 1967 வரை விவாகரத்துக்கு ஒரே ஒரு காரணம்தான் செல்லும், துணையின் கள்ள உறவு. அதை நீதிமன்றத்தில் நிரூபிக்க வேண்டும். கொடுமை, கைவிடுதல் போன்றவற்றை ஏற்கும் திருத்தம் 1966-இல் நிறைவேறி அடுத்த ஆண்டுதான் நடைமுறைக்கு வந்தது. யார் மேலும் குற்றம் சாட்டாமல் பிரியலாம் என்ற நிலை அந்த மாநிலத்தில் வந்தது 2010-இல், அமெரிக்காவிலேயே கடைசியாக. மூன்றாவது சீசனில் பெட்டி ஒரு வழக்கறிஞரிடம் போய்க் கேட்கும்போது அவளுக்குக் கிடைக்கிற பதில் இந்தச் சுவர்தான். பணமும் பிள்ளைகளும் கையை விட்டுப் போகலாம் என்று எச்சரிக்கிறார். வசதியுள்ளவர்களுக்கு ஒரு சுற்றுவழி இருந்தது. நெவாடா மாநிலம் 1931 முதல், ஆறு வாரம் அங்கே தங்கினால் போதும், விவாகரத்து தருகிறோம் என்று வைத்திருந்தது. அதனால்தான் சீசன் முடிவில் அவள் நெவாடாவின் ரீனோ நகரத்துக்கு விமானம் ஏறுகிறாள். பக்கத்து இருக்கையில் யார் என்று பாருங்கள், ஹென்றி ஃபிரான்சிஸ். ஆளுநர் ராக்கஃபெல்லரிடம் வேலை பார்க்கிற, வசதியும் செல்வாக்கும் உள்ளவன். ஒருவன் கையிலிருந்து இன்னொருவன் கைக்கு மாறுகிறாள் என்று அவளைக் குறை சொல்வார்கள். உண்மைதான். ஆனால் 1963-இல் சொந்த வருமானம் இல்லாத, மூன்று பிள்ளைகளோடு இருக்கும் ஒருத்திக்கு அந்தக் கதவைத் திறக்க இன்னொரு ஆணின் சாவி தேவைப்பட்டது. அதைத் தொடர் மறைக்காமல் காட்டுகிறது.

இடையில் ரோம் பயணம். அதை ஏனோ பலர் வேகமாகக் கடந்துவிடுகிறார்கள். ஹோட்டல் அதிபர் கான்ராட் ஹில்டனின் வேலையாக டான் போகிறான், பெட்டியும் கூடப் போகிறாள். அங்கே அவள் சரளமாக இத்தாலிய மொழி பேசுகிறாள், தெருக்கடையில் உட்கார்ந்து அந்நிய ஆண்களோடு சாமர்த்தியமாக வார்த்தையாடுகிறாள். அவளைப் பார்த்து டானே அசந்துபோகிறான். இரண்டு நாளில் ஊர் திரும்பியாகிவிடுகிறது. இந்த இடத்தை வெறுக்கிறேன், நம் நண்பர்களை வெறுக்கிறேன், இந்த ஊரையே வெறுக்கிறேன் என்கிறாள். பெட்டியாக நடித்த ஜனவரி ஜோன்ஸின் நடிப்பைக் கட்டை என்று சொல்கிறவர்கள் இந்த எபிசோடை மட்டும் பார்த்தாலே போதும். வீட்டில் அவள் முகம் கட்டையாக இருப்பது அந்தப் பெண் போட்டுக்கொண்ட முகம், நடிகையின் போதாமை அல்ல.

பெண்ணிய எழுத்தாளர் பெட்டி ஃப்ரீடன் எழுதிய 'தி ஃபெமினின் மிஸ்டிக்' 1963-இல் வெளியானது, தொடரின் மூன்றாவது சீசன் நடக்கிற அதே ஆண்டு. ஸ்மித் கல்லூரியில் தன்னோடு படித்தவர்களிடம் 1957-இல் ஒரு கேள்வித்தாளைக் கொடுத்து, படித்த இல்லத்தரசிகள் எத்தனை பேர் உள்ளுக்குள் புழுங்குகிறார்கள் என்று கண்டவர் அவர். வீடு, கார், பிள்ளைகள் எல்லாம் இருந்தும் இவ்வளவுதானா என்று கேட்கிற பெண்களின் துன்பத்துக்குப் பெயரே இல்லை என்பதுதான் அவர் வாதம். அப்போது அவர் குடியிருந்ததும் ஹட்சன் ஆற்றின் மறுகரைப் புறநகரில்தான். அதே காலத்தில் மருத்துவர்கள் இந்தத் துன்பத்துக்கு வேறு பதில் வைத்திருந்தார்கள். மனப்பதற்றத்தை அடக்கும் மாத்திரைகள்: 1955-இல் மில்டவுன், 1963-இல் வேலியம். தொடரில் பெட்டி பிரசவிக்கும் எபிசோடையும் இதோடு சேர்த்துப் பாருங்கள். மயக்க ஊசி போட்டு, நினைவு தப்பிய நிலையில், தனக்கு என்ன நடக்கிறது என்றே தெரியாமல் பிள்ளை பெறுகிறாள். அன்றைய அமெரிக்க ஆஸ்பத்திரிகளில் அது வழக்கமான முறை.

ஆனால் ஃப்ரீடனோடு மட்டும் நிறுத்திவிட்டால் பெட்டியை முழுதாகப் புரிந்துகொண்டதாக ஆகாது. அவர் பேசியது வசதியான வெள்ளைக்காரப் பெண்களைப் பற்றி மட்டும்தான் என்று கறுப்பினப் பெண்ணிய எழுத்தாளர் பெல் ஹுக்ஸ் 1984-இல் எழுதினார். வீட்டை விட்டு வேலைக்குப் போவதுதான் விடுதலை என்றால், அந்த வீட்டையும் பிள்ளைகளையும் யார் பார்த்துக்கொள்வார்கள் என்று கேட்டார். 'மேட் மென்' தொடரில் அந்தக் கேள்விக்கு ஒரு முகம் இருக்கிறது, பெட்டி வீட்டில் வேலை செய்யும் கறுப்பினப் பெண் கார்லா. சமைப்பதும் துடைப்பதும் பிள்ளைகளைத் தூங்கவைப்பதும் அவள்தான். பெட்டி ரீனோவுக்குப் போகும்போது மூத்த பிள்ளைகள் சேலியும் பாபியும் இருப்பது அவள் பொறுப்பில்தான். 1963 செப்டம்பரில் பர்மிங்ஹாம் தேவாலயத்தில் குண்டு வைத்து நான்கு சிறுமிகளைக் கொன்றார்கள். அவர்களுக்கான இறுதிச் சடங்கை கார்லா சமையலறை வானொலியில் கேட்டுக்கொண்டிருக்கிறாள். உள்ளே வருகிற பெட்டி, இந்த உரிமைகளுக்கெல்லாம் இன்னும் நேரம் வரவில்லையோ என்னவோ என்கிறாள். யாரிடம் சொல்கிறோம் என்ற உணர்வே இல்லாமல்.

அந்தக் காட்சியில் பெட்டி மேல் கோபம் வந்தால் அந்தக் கோபம் முழுக்க நியாயமானது. அவளுடைய துன்பம் உண்மை. அந்தத் துன்பம் அவளுக்கு எந்தக் கண்ணையும் திறக்கவில்லை என்பதும் உண்மை. தான் பட்டதை அடுத்தவர் படக்கூடாது என்று நினைக்கிறவர்கள் உண்டு, நான் பட்டேனே நீயும் படு என்கிறவர்களும் உண்டு. பெட்டி பெரும்பாலும் இரண்டாவது வகை. உலர்சலவைக் கடையின் பிளாஸ்டிக் உறையை சேலி தலையில் மாட்டிக்கொண்டு வரும்போது அவள் பதறுவது குழந்தைக்கு மூச்சு முட்டுமே என்றல்ல, அந்த உறையில் இருந்த துணி தரையில் கிடக்கிறதோ என்றுதான். கார் மோதிய பிறகும், சேலியின் முகத்தில் தழும்பு விழுந்திருந்தால் அவள் வாழ்க்கை என்ன ஆகியிருக்கும் என்றுதான் கலங்குகிறாள். பெண்ணுக்கு முகம்தான் சொத்து என்று அவளுடைய அம்மா கற்றுக்கொடுத்தது. டானை எதிர்த்துப் பேச முடியாத கோபம் மாடிப்படியில் இறங்கி, கையில் அகப்படுகிற சேலி மேலும் கார்லா மேலும் விழுகிறது.

டானும் சொந்த வீட்டில் பொய்ப் பெயரோடு வாழ்கிறவன்தான், அவனுக்கும் அந்த வீட்டில் நிம்மதி இல்லை. ஆனால் அவனுக்கு ரயில் இருக்கிறது. சேலியின் பிறந்தநாளுக்குக் கேக் வாங்கப் போகிறவன் வழியில் மனம் மாறி எங்கேயோ போய்விட்டு, இரவில் ஒரு நாய்க்குட்டியோடு திரும்பி வந்தால் குழந்தைகள் துள்ளிக் குதிக்கிறார்கள். பெட்டி அப்படிக் காரை எடுத்துக்கொண்டு கிளம்பியிருந்தால் நாம் அவளை மன்னித்திருப்போமா? நீங்களே யோசித்துப் பாருங்கள். பார்வையாளர்களான நாம் டானுக்கு ஓர் அளவுகோலும் பெட்டிக்கு இன்னொன்றும் வைத்திருக்கிறோம். தொடர் அதை நம்மிடமிருந்து வெளியே இழுக்கிறது.

இனி வருவது நான்காவது சீசனிலிருந்து கடைசி வரையான கதை. பார்க்கப் போகிறீர்கள் என்றால் இங்கேயே நிறுத்திக்கொள்ளுங்கள்.

ஹென்றி நல்லவன், உண்மையானவன். அப்படியும் பெட்டி மாறிவிடவில்லை என்பது நிறையப் பேரை ஏமாற்றியது. எனக்கு அதுதான் நேர்மையாகப் படுகிறது. கணவன் மாறினான், ஏற்பாடு மாறவில்லை. நான்காவது சீசனில் சேலிக்காக எட்னா என்ற குழந்தை மனநல மருத்துவரை ஏற்பாடு செய்கிறார்கள். எட்னா, கெட்டிக்காரத்தனமாக, சேலியைப் பற்றிப் பேசலாம் என்று பெட்டியையும் வரவழைக்கிறாள். பெட்டி வந்து பேசுவது தன்னைப் பற்றி. பொம்மை வீடு இருக்கிற அந்த அறையில் முதல்முறையாக ஒருவர் அவள் பேச்சைக் கேட்டு பதில் சொல்கிறார், கணவனுக்குப் போன் போகவில்லை. அதே சீசனின் முடிவில் கார்லாவை, இத்தனை வருடம் உழைத்தவளை, அற்பக் காரணத்துக்காக நின்ற இடத்தில் வேலையை விட்டு அனுப்புகிறாள். இரண்டையும் ஒரே சீசனில் வைத்திருக்கிறார்கள்.

புறநகர் வாழ்க்கை பெண்களை மட்டும் தின்னவில்லை என்பதற்கு, டானோடு வேலை பார்க்கிற பீட் கேம்பெல் ஐந்தாவது சீசனில் சாட்சி. கனெக்டிகட்டில் காஸ் காப் என்ற இடத்துக்குக் குடிபோய், இரவில் சொட்டும் குழாயைக் கேட்டுக்கொண்டு படுத்திருக்கிறான். ரயிலில் கூட வருகிறவனின் மனைவி பெத்துடன் அவனுக்கு உறவு ஏற்படுகிறது. பெத்தின் கணவன், அவளுடைய மனச்சோர்வுக்கு மின் அதிர்ச்சி சிகிச்சை கொடுக்க வைக்கிறான். சிகிச்சைக்குப் பிறகு அவளுக்குப் பீட் யாரென்றே நினைவில்லை. பெட்டிக்கு நடக்காமல் போனது அந்தப் பெண்ணுக்கு நடக்கிறது.

உங்கள் கேள்வியில் நியாயம் இருக்கிற இடம் இங்கேதான். ஐந்தாவது சீசனில் பெட்டி உடல் பருத்துப்போவது கதையாக வருகிறது. ஜனவரி ஜோன்ஸ் கர்ப்பமாக இருந்ததால் எழுதிய திருப்பம் அது. அதில் அவளை உள்ளேயிருந்து பார்ப்பதைவிட வெளியேயிருந்து வேடிக்கை பார்ப்பதுதான் அதிகம். முதல் மூன்று சீசனில் அவள் முகத்தின் ஒவ்வொரு சுளிப்புக்கும் காரணம் தேடிய எழுத்து, இங்கே சோம்பிவிட்டது. அதன் பிறகு அவள் வருகிற நேரமும் குறைந்துபோகிறது. தொடர் செய்த மிகப்பெரிய தவறு இது என்பேன்.

ஏழாவது சீசனில் மீள்கிறார்கள். விருந்தினர் முன் வியட்நாம் போரைப் பற்றி அவள் சொன்ன கருத்துக்காக ஹென்றி கோபப்படும்போது, நான் முட்டாளில்லை, இத்தாலிய மொழி பேசுகிறவள் என்று திருப்பிக் கேட்கிறாள். பிறகு மனோதத்துவம் படிக்கக் கல்லூரியில் சேர்கிறாள். படிக்கட்டில் தடுக்கி விழுந்து பரிசோதனைக்குப் போனால் நுரையீரல் புற்றுநோய் என்று தெரிகிறது. எக்ஸ்ரே பார்த்த டாக்டர் நோய் என்ன என்பதை அவளிடம் சொல்லத் தயங்கி, கணவரைக் கூப்பிடுங்கள் என்கிறார். 1960-இல் டாக்டர் வேய்ன் செய்ததைப் பத்தாண்டுகள் கழித்து இவரும் செய்கிறார். ஹென்றி சிகிச்சை எடுத்தே ஆகவேண்டும் என்று மன்றாடுகிறான், சேலியையும் தூது விடுகிறான். அவள் வேண்டாம் என்கிறாள். அழகு போய்விடும் என்ற பயம் என்று சிலர் இதைப் படிக்கிறார்கள். எனக்கு அது ஒத்துவரவில்லை. தன் அம்மா மெல்ல மெல்லச் செத்ததைப் பக்கத்திலிருந்து பார்த்தவள் அவள், சேலிக்கு அதைக் கொடுக்க விரும்பவில்லை. வகுப்புக்குக் கிளம்புகிறவளைப் பார்த்து, இனி எதற்குப் படிப்பு என்று ஹென்றி கேட்கிறான். முன்பு மட்டும் எதற்காகப் படித்தேன் என்று அவள் திருப்பிக் கேட்டுவிட்டுப் போகிறாள்.